தொப்புள்கொடி உறவும் லேலண்ட் எஞ்சினும்

வடமராட்சியின் கரையோரக் கிராமம் ஒன்றில், இரவு பதினொரு மணியளவில், கடற்றொழிலாளி ஒருவரின் வீட்டு முற்றத்தில் அமர்ந்திருந்தேன். காற்று விழுந்திருந்தது. கடல் அசைவற்றுக் கிடந்தது. அப்போது வடக்குப் பக்கத்திலிருந்து ஓர் உறுமல் கேட்டது. ஆட்களை அடைத்துக்கொண்டு புறப்படும் பழைய இ.போ.ச. பஸ்ஸின் அடித்தொண்டைச் சத்தம். இந்த நேரத்தில் எந்த பஸ் ஓடுகிறது என்று கேட்டேன். வீட்டுக்காரர் சிரித்தார்.

"பஸ் இல்லை ஐயா, உது லேலண்ட். கோண்டாவில் டிப்போவில நிண்ட அதே சாதி எஞ்சின்தான், இப்ப கடலுக்கை ஓடுது. இண்டைக்குச் சனிக்கிழமையெல்லே, வந்திட்டாங்கள்."

அன்று அவர் கடலுக்குப் போகவில்லை. திங்கள், புதன், சனி ஆகிய மூன்று நாட்களிலும் அவர் வலை விடுவதில்லை. தமிழகத்தின் பாக்கு நீரிணைக் கரைகளிலிருந்து இழுவைப் படகுகள் புறப்படும் நாட்கள் அவை. நம்பி வலை விட்டால் விடியும்போது மிதப்புக் கட்டைகூட மிஞ்சாது. மனைவியின் நகையை அடகு வைத்து வாங்கிய வலை ஒருமுறை அப்படிப் போயிற்று. நகை இன்னும் மீளவில்லை.

பாக்கு நீரிணைப் பிரச்சினை பற்றி நான் பத்திரிகையில் எழுதத் தொடங்கிப் பல ஆண்டுகளாகின்றன. கச்சதீவைப் பற்றி எழுதியிருக்கிறேன். இலங்கைக் கடற்படையின் துப்பாக்கிச் சூடுகளைப் பற்றி எழுதியிருக்கிறேன். 'தொப்புள்கொடி உறவு' என்ற சொற்றொடரை எத்தனை தலையங்கங்களில் பயன்படுத்தினேன் என்பதற்குக் கணக்கே இல்லை. ஆனால் அன்றிரவு என் காதில் விழுந்த அந்த எஞ்சினைப் பற்றி ஒரு வரியும் எழுதியதில்லை. நான் மட்டுமல்ல, சென்னையிலும் யாழ்ப்பாணத்திலும் இலண்டனிலும் ரொறன்ரோவிலும் இந்தப் பிரச்சினை பற்றி முழங்குவோரில் மிகப் பெரும்பாலோர் அதைப் பற்றிப் பேசுவதில்லை. இன்று அதைப் பற்றித்தான் எழுதப்போகிறேன். சிலருக்குக் கசக்கும். கசக்கட்டும்.

முதலில் எஞ்சினுக்குரிய மரியாதையைக் கொடுத்துவிடுகிறேன். இங்கிலாந்தின் லங்காஷயரிலுள்ள லேலண்ட் என்ற சிறு நகரின் பெயரைத் தாங்கிய நிறுவனம், இரண்டாம் உலகப் போர் முடிந்த கையோடு 600 என்ற டீசல் எஞ்சினையும், அதன் வழியில் 680 என்ற பெரிய எஞ்சினையும் உருவாக்கியது. பெயரிலுள்ள எண் ஏறத்தாழ அதன் கன அங்குலக் கொள்ளளவு. 680 என்பது 11.1 லீற்றர். ஆறு உருளைகள், ஒவ்வொன்றின் விட்டமும் 127 மில்லிமீற்றர், பிஸ்டன் ஏறி இறங்கும் தூரம் 146 மில்லிமீற்றர். விட்டத்தைவிட வீச்சு நீண்ட இத்தகைய எஞ்சின் வேகமாகச் சுழலப் பிறந்ததல்ல, மெதுவாகச் சுழன்று பாரம் இழுக்கப் பிறந்தது. ஒல்லாந்தின் டாஃப் நிறுவனம் உரிமம் பெற்று இதைத் தயாரித்தது, பின்னர் தன் எஞ்சின்களை இதன்மீதே வளர்த்தெடுத்தது. போலந்தில் இதே எஞ்சின் எஸ்.டபிள்யூ. 680 என்ற பெயரில் பஸ்களையும் லொறிகளையும் ஓட்டியது.

நம் பக்கத்திற்கு இது வந்த வழி எண்ணூர். 1948ஆம் ஆண்டு அங்கு ஒஸ்ரின் கார்களைப் பொருத்துவதற்கென்று தொடங்கப்பட்ட அசோக் மோட்டோர்ஸ், 1955இல் அசோக் லேலண்ட் ஆயிற்று. கொமெற் லொறிகளிலும் பஸ்களிலும் 370, 400 என்ற சிறிய எஞ்சின்கள் ஓடின. பெரிய லொறிகளிலும் மாடி பஸ்களிலும் 680 ஓடியது. 1958ஆம் ஆண்டு ஜனவரி முதலாம் நாள் தொடங்கப்பட்ட இலங்கைப் போக்குவரத்துச் சபையும் லேலண்ட் குடும்பத்தையே பெரிதும் நம்பியிருந்தது. முதலில் இங்கிலாந்து லேலண்ட், பிறகு எண்ணூர் லேலண்ட். சாரதிக்குப் பக்கத்திலிருந்த எஞ்சின் மூடியின்மேல் உட்கார்ந்து, சூட்டைப் பொறுத்துக்கொண்டு பட்டினத்துப் பள்ளிக்கூடத்துக்குப் போன தலைமுறை என்னுடையது. அந்த எஞ்சின் எங்களைப் படிக்க வைத்தது, எங்கள் வெங்காயத்தையும் புகையிலையையும் தெற்கே கொண்டுபோய்ச் சேர்த்தது. அதன்மீது எனக்குக் கோபமில்லை. அதைச் செய்த தொழிற்சாலைமீதும் இல்லை.

என் கோபம் அது கடலுக்குள் செய்யும் வேலையின் மீது. லொறி எஞ்சினைப் படகுக்கு மாற்றுவது கடினமான காரியமல்ல. காற்றில் குளிரும் ரேடியேற்றரை எடுத்துவிட்டுக் கடல்நீரால் வெப்பத்தை மாற்றும் அமைப்பைப் பொருத்துவார்கள். லொறியின் கியர் பெட்டிக்குப் பதிலாக முன்னும் பின்னும் மட்டும் திருப்பும், சுழற்சியைக் குறைக்கும் படகுக் கியர் பெட்டி வரும். தண்டின் நுனியில் சக்கரத்துக்குப் பதில் விசிறி. தொழிற்சாலையே இவற்றை ஏ.எல்.எம். 400, ஏ.எல்.எம். 680 என்ற பெயர்களில் படகுகளுக்கென விற்றது. வேறு நிறுவனங்களின் எஞ்சின்களும் இன்று அதே வேலையில் இருக்கின்றன. மெதுவாகச் சுழன்று பாரம் இழுக்கும் அந்தப் பழைய குணம்தான் இழுவைமடிக்கு வேண்டியது. லொறியில் அது பத்துத் தொன் நெல்லை இழுத்தது. கடலில் அது, இரு பலகைகளால் வாய் விரித்து அடித்தரையில் அரைந்துகொண்டு வரும் மடியை இழுக்கிறது.

ஒரு கணக்குப் போட்டுப் பார்ப்போம். மடியின் வாய் 15 மீற்றர் விரிகிறது என்று கொள்வோம். படகு மணிக்கு மூன்று கடல்மைல் வேகத்தில் இழுக்கிறது. ஒரு மணி நேரத்தில் அது சுரண்டும் தரை ஏறத்தாழ 20 ஏக்கர். எங்கள் யாழ்ப்பாணக் கணக்கில் 300 பரப்புக்கும் மேல். நான்கு பரப்புத் தோட்டத்தை மண்வெட்டியால் கொத்தி, ஒவ்வொரு கன்றுக்கும் தனித்தனியாகத் தண்ணீர் பாய்ச்சி வாழ்ந்த குடாநாட்டவர் இந்த எண்ணைச் சற்றுச் சிந்திக்க வேண்டும். ஒரு படகு, ஒரு மணி நேரம், 300 பரப்பு. ஓர் இரவுக்கு எத்தனை மணி நேரம், எத்தனை படகுகள் என்பதை நீங்களே பெருக்கிக்கொள்ளுங்கள். பாக்கு நீரிணை ஆழ்கடலுமல்ல, பெரும்பாலும் 15 மீற்றருக்கும் குறைந்த ஆழமுள்ள, கடற்சாதாழை படர்ந்த, இறாலும் நண்டும் கடலட்டையும் குஞ்சு பொரிக்கும் மேய்ச்சல் தரை. அங்கே இழுவைமடி செய்வது மீன்பிடியன்று. விதைநெல்லை உமியோடு அள்ளிக்கொண்டு போகும் வேலை அது.

'இது எங்கள் பாரம்பரிய மீன்பிடி உரிமை' என்று தமிழகத்தில் சொல்கிறார்கள். அந்த உரிமையை நான் மறுக்கவில்லை. இரு கரையாரும் ஒரே கடலில் பாடு எடுத்தவர்கள், கச்சதீவு அந்தோனியார் திருவிழாவில் சேர்ந்து நின்றவர்கள். ஆனால் அந்தப் பாரம்பரியத்தில் பாயும் துடுப்பும் பருத்தி வலையும் இருந்தன, 680 இருக்கவில்லை. இந்திய–நோர்வே திட்டம் 1953ஆம் ஆண்டு கேரளத்தின் நீண்டகரையில் தொடங்கியது. இறாலுக்கு ஏற்றுமதிச் சந்தை திறந்தபின் இயந்திர இழுவைப் படகுகள் இந்தியக் கரைகளில் பெருகின. 1974, 1976 ஆகிய ஆண்டுகளின் உடன்படிக்கைகள் கடலில் எல்லைக் கோடு கீறிய காலத்தில் இந்தப் பெருக்கம் நடந்துகொண்டிருந்தது. பிறகு இங்கே போர் வந்தது. எங்கள் தொழிலாளர்களின் எஞ்சின் வலுவுக்குக் கட்டுப்பாடு, நேரத்துக்குக் கட்டுப்பாடு, தூரத்துக்குக் கட்டுப்பாடு. மயிலிட்டித் துறைமுகம் 1990 முதல் 2017 வரை மக்களுக்கு மூடிக் கிடந்தது. வீட்டுக்காரன் கட்டிப்போடப்பட்டிருந்த அந்த வருடங்களில் அவன் வளவுக்குள் போய் அறுவடை செய்த பழக்கத்துக்குப் பெயர் பாரம்பரியம் என்றால், தமிழில் அந்தச் சொல்லுக்கு இனிப் பொருளில்லை.

2009க்குப் பிறகு எங்கள் மக்கள் கடலுக்குத் திரும்பினார்கள். எதோடு திரும்பினார்கள்? பதினெட்டு அடிக் கண்ணாடியிழைப் படகு, மண்ணெண்ணெயில் ஓடும் 15 அல்லது 25 குதிரைவலு வெளியிணைப்பு எஞ்சின், கடனுக்கு வாங்கிய வலை. 2022 ஓகஸ்டில் அந்த மண்ணெண்ணெயின் விலை ஒரே இரவில் லீற்றருக்கு 87 ரூபாவிலிருந்து 340 ரூபாவாயிற்று. எதிரே வருவது நூற்றுக்கு மேற்பட்ட குதிரைவலுவுள்ள படகு. அதன் டீசலுக்குத் தமிழக அரசு விற்பனை வரிவிலக்கு அளிக்கிறது. ஒரு விசைப்படகுக்கு ஆண்டுக்கு 18,000 லீற்றர் என்றிருந்த அந்தச் சலுகை 2023இல் 19,000 லீற்றராக உயர்த்தி அறிவிக்கப்பட்டது. வடமராட்சியில் அடகுக்கடைக்கு நடக்கும் பெண்ணின் வலையை அறுத்துக்கொண்டு போகும் எஞ்சினுக்கு வரிவிலக்குப் பெற்ற எண்ணெய். இதைத் தொப்புள்கொடி என்று அழைக்க என் நாக்கு இனிக் கூசும்.

தமிழகத்தின் சட்டம் என்ன சொல்கிறது என்றும் பாருங்கள். 1983ஆம் ஆண்டின் கடல் மீன்பிடி ஒழுங்குபடுத்தும் சட்டத்தின்படி விசைப்படகுகள் தமிழகக் கரையை அண்டிய கடற்பரப்பில் மீன்பிடிக்க முடியாது. நாட்டுப்படகு மீனவரைக் காக்க வந்த விதி அது. இழுவைப் படகுகளுக்கு வாரத்தில் மூன்று நாள், நாட்டுப்படகுகளுக்கு மற்ற நாட்கள் என்ற ஏற்பாடும் அதே காரணத்துக்காக வந்ததுதான். ஆக, இழுவைப் படகு சிறுமீனவரை அழிக்கும் என்பது சென்னைக்குத் தெரியும். தெரிந்ததால்தான் தன் கரையில் வேலி போட்டது. அந்த வேலி ஏன் நெடுந்தீவுக்கும் மாதகலுக்கும் பருத்தித்துறைக்கும் பொருந்தவில்லை? 2022இல் அதே அரசு பாக்கு விரிகுடாவில் ஆவுளியாவுக்கென்று 448 சதுர கிலோமீற்றர் காப்பகம் அறிவித்தது. நல்ல காரியம், பாராட்டுகிறேன். ஆவுளியா மேயும் சாதாழைக்கு எல்லைக்கோட்டின் இரு பக்கமும் ஒரே பெயர்தான் என்பதை மட்டும் நினைவூட்டுகிறேன்.

ஆண்டுதோறும் ஏப்ரல் நடுப்பகுதி முதல் 61 நாட்கள் தமிழகக் கிழக்குக் கரையில் இழுவைப் படகுகளுக்குத் தடை உண்டு. அந்த நாட்களில் எங்கள் கரைகளுக்குப் போய்ப் பாருங்கள். வலை பயமின்றிக் கடலில் கிடக்கும். நான்கு இரவுகள் ஏழாகும். எங்கள் கடலும் எங்கள் மக்களும் மூச்சு விடுவது அந்த 61 நாட்களில்தான்.

'கச்சதீவை மீட்டால் எல்லாம் தீர்ந்துவிடும்' என்பது அடுத்த முழக்கம். 285 ஏக்கர் கொண்ட, குடிதண்ணீர் இல்லாத அந்தத் தீவு நாளையே கைமாறட்டும். எங்கள் கரைக்கு அண்மையில் கிடக்கும் இறால் தரைக்கு இந்தப் படகுகள் வருவது நின்றுவிடுமா? நிற்காது. படகுகள் தேடி வருவது தீவையன்று, தங்கள் பக்கத்தில் தாங்களே சுரண்டித் தீர்த்த இறாலை. தேர்தலுக்குத் தேர்தல் கச்சதீவைத் தூக்கிப் பிடிப்போர் அறிந்தே இந்தக் கேள்வியைத் தவிர்க்கிறார்கள். தீவைப் பற்றிப் பேசினால் வாக்கு விழும். எஞ்சினைப் பற்றிப் பேசினால் படகு முதலாளி பகைத்துக்கொள்வார்.

கடற்படை பற்றி ஒளிவுமறைவின்றிச் சொல்கிறேன். நிராயுதபாணியான மீனவனைச் சுட்டது கொலை. மீனவர் படகை மோதி மூழ்கடிப்பதும், பிடிபட்டவரை அடிப்பதும் குற்றம். 2021 ஜனவரியில் நெடுந்தீவுக் கடலில் நால்வர் மாண்டனர். அந்த ஆண்டு ஒக்ரோபரிலும் 2024 ஓகஸ்டிலும் கடற்படைப் படகோடு மோதி மேலும் உயிர்கள் போயின. 2024 ஜூனில் இழுவைப் படகொன்றைப் பிடிக்கப்போன கடற்படைச் சிப்பாய் ஒருவரும் இறந்தார். 2022 ஜனவரியில் வத்திராயனிலிருந்து தொழிலுக்குப் போன இருவர் சடலங்களாகவே கரை சேர்ந்தனர். இழுவைப் படகு மோதியதே காரணம் என்று எங்கள் மக்கள் வீதியை மறித்து நின்றனர். 2024இல் மட்டும் 500க்கும் மேற்பட்ட இந்திய மீனவர்கள் கைதாகினர். இவர்களில் பெரும்பாலோர் கூலிக்கும் பங்குக்கும் போனவர்கள். படகு முதலாளி கரையில் இருக்கிறார். சிறைக்குப் போகிறவன் இராமேஸ்வரத்து ஏழை, வலையை இழக்கிறவன் வடமராட்சி ஏழை. இந்த இரு ஏழைகளுக்கும் நடுவில் மூன்றாவது ஒருவர் இலாபம் எடுக்கிறார். அவரைப் பற்றித்தான் யாரும் பேசுவதில்லை.

'தமிழனைத் தமிழனோடு மோதவிடக் கொழும்பு சதி செய்கிறது' என்பார்கள். கொழும்புக்கு இந்த மோதல் இனிக்கும் என்பதில் எனக்கு ஐயமில்லை. ஆனால் கத்தியை அதன் கையில் கொடுத்தது யார்? 2010 ஓகஸ்டில் இரு தரப்பு மீனவர்களும் சென்னையில் கூடி, ஓராண்டுக்குள் இழுவைமடியைக் கைவிடுவதென்று உடன்பட்டார்கள். ஆண்டு முடிந்தது, மடி தொடர்ந்தது. 2011 பெப்ரவரியில் பருத்தித்துறைக் கடலில் பொறுமையிழந்த எங்கள் தொழிலாளர்கள் இந்தியப் படகுகளைத் தாங்களே சுற்றி வளைத்துப் பொலிஸாரிடம் ஒப்படைத்தனர். 2015இல் மறுபடி பேச்சு, மேலும் மூன்று ஆண்டுகள் வேண்டும் என்றனர். 2017 ஜூலையில் இராமேஸ்வரத்தில் இந்தியப் பிரதமர் கையால் ஆழ்கடல் படகுத் திட்டம் தொடங்கியது. படகொன்றுக்கு 80 இலட்சம் இந்திய ரூபா, 2,000 இழுவைப் படகுகளை மாற்றுவது இலக்கு. அந்த இலக்கின் அருகில்கூடத் திட்டம் போய்ச் சேரவில்லை. தவணை கேட்டவர்கள் தவணையைத் தின்றார்கள்.

எங்கள் முதுகிலுள்ள அழுக்கையும் காட்டாவிட்டால் இந்தக் கட்டுரை நேர்மையற்றது. போருக்கு முன்பே எங்கள் மூன்றரைத் தொன் படகுகள் சில இழுவைமடி இழுத்தன. போருக்குப் பின்னும் குருநகரில் அந்தத் தொழில் நடந்தது. 2017 ஜூலையில் சுமந்திரனின் தனிநபர் பிரேரணை வழியாக இலங்கைப் பாராளுமன்றம் இழுவைமடியைச் சட்டத்தால் தடைசெய்தது. அந்தச் சட்டம் இராமேஸ்வரத்துக்கு ஒரு கண், குருநகருக்கு ஒரு கண் என்று பார்க்கக்கூடாது. எங்கள் கரையில் ஒரு மடி இழுபட்டாலும், அக்கரையைப் பார்த்துக் கேட்கும் எங்கள் கேள்வி நொண்டியாகிவிடும்.

இன்னொரு குற்றவாளி நான். செய்தி ஆசிரியர் மேசையில் இருந்த காலத்தில் 'தமிழக மீனவர்கள் கைது' என்பது முதற்பக்கம். 'வலைகள் நாசம்' என்பது உள்பக்கத்தில் நான்கு வரி, விளம்பரம் வந்தால் அதுவும் போகும். போரின்போது எங்களுக்காகத் தீக்குளித்த தமிழகத்தை நோகடிக்கக்கூடாது என்று எனக்கு நானே சமாதானம் சொன்னேன். அந்த நன்றி உண்மையானது, இன்றும் இருக்கிறது. ஆனால் அந்த நன்றிக்கடனை நான் அடைத்தது என் கைப்பணத்தால் அல்ல, வடமராட்சிக் கடற்றொழிலாளியின் வலையால். அடுத்தவன் சொத்தால் கடன் அடைப்பது நன்றியாகாது.

என்ன செய்யலாம் என்று கேட்பவர்களுக்கு, கடற்கரையில் கேட்டறிந்த சிலவற்றைச் சொல்கிறேன். டீசல் வரிவிலக்கு, இழுவைமடியைக் கைவிட்ட படகுக்கு மட்டும் என்று தமிழக அரசு ஒரே ஓர் ஆணை போடட்டும். மானியம் கொடுத்து வாங்கும் இழுவைப் படகின் எஞ்சினை உடைத்து உருக்க வேண்டும். விற்றால் அடுத்த படகில் ஏறி அதே கடலுக்கே வரும். முதலாளிக்கு இழப்பீடு கொடுக்கும்போது கூலியாளுக்கும் கொடுக்க வேண்டும், அவனுக்குத் தெரிந்த வேறு தொழில் இல்லை. எங்கள் பக்கத்தில், இழந்த வலைக்கு நட்டஈடு வேண்டும். 2022 பெப்ரவரியில் பறிமுதல் செய்த 105 இந்தியப் படகுகளை ஏலத்தில் விட்டது கொழும்பு. படகை விற்கத் தெரிந்த அரசுக்கு வலை இழந்தவன் வீட்டைக் கண்டுபிடிக்கத் தெரியாதா?

இவற்றையெல்லாம் கேட்கும் குரல் தமிழிலிருந்து வரவேண்டும். கொழும்பு கேட்டால் அது இனவாதமாகப்படும், டில்லி கேட்டால் கோப்பில் தூங்கும். தமிழகத்து நாட்டுப்படகு மீனவரும் இதே எஞ்சினால் அடிபட்டவர்தான். அவரும் வடமராட்சியாரும் ஒரே மேடையில் நின்று கேட்டால் எந்தக் கட்சியும் பதில் சொல்லாமல் தப்ப முடியாது. புலம்பெயர்ந்த வாசகர்களே, அடுத்த முறை 'மீனவர் கைது' என்ற செய்தியை நீங்கள் பகிரும்போது, அந்தப் படகு எங்கே நின்றது, எதை இழுத்தது என்ற இரண்டு கேள்விகளையும் சேர்த்துக் கேளுங்கள். அதைவிடப் பெரிய உதவியை இப்போதைக்கு நான் உங்களிடம் கேட்கவில்லை.

அன்றிரவு நான் விடைபெற்றபோது மணி ஒன்றாகிவிட்டது. உறுமல் இன்னும் கேட்டுக்கொண்டிருந்தது. சிறு வயதில் அந்தச் சத்தம் தூரத்தில் கேட்டால் பையைத் தூக்கிக்கொண்டு சந்திக்கு ஓடுவோம், பஸ் வருகிறதென்று. அந்த வீட்டில் பத்து வயதுப் பையன் ஒருவன் விழித்திருந்தான். அவனுக்கும் அந்தச் சத்தம் நன்றாகத் தெரியும். "நாளைக்கு மீன் இல்லை" என்று சொல்லிவிட்டுத் திரும்பிப் படுத்தான்.